சோப்பு பூசிய கண்ணாடி

காலை ஏழு இருபத்து நாலு.

ரயில் நின்ற நேரம் அது. 1920, நவம்பர் 15, திங்கட்கிழமை. ஸ்டேஷன் கடிகாரத்தைப் பார்த்தேன். சட்டைப்பையிலிருந்து என் கடிகாரத்தை எடுத்தும் பார்த்தேன். இரண்டும் ஒரே நேரத்தைத்தான் காட்டின.

இது நடந்தது. நடந்தபடியே சொல்கிறேன். நான் நடிகன், முப்பது வருடம் இல்லாததை இருப்பதாகக் காட்டிப் பிழைத்தவன். அழகுபடுத்திச் சொல்ல எனக்குத் தெரியும். இதில் அப்படி எதுவும் செய்யவில்லை. பேய் என்றால் நள்ளிரவு, பாழடைந்த வீடு என்பார்கள். எனக்கு நடந்தது பகல் இரண்டே முக்காலுக்கு. ஆறு பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

என் பெயர் ஆம்ப்ரோஸ் டில். பெயரைக் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். முகத்தைப் பார்த்திருப்பீர்கள். படம் பேசாத காலத்தில், பிரபு வீட்டுக் கதவைத் திறக்கும் பட்லர் நான்தான். ஒதுங்கி நிற்பேன். தொப்பியை வாங்கிக்கொள்வேன். போய்விடுவேன். பதினொரு வருடம் அதுதான் வேலை.

என்னோடு இருந்தவன் செப்டிமஸ் ஹாலம். என்னைவிட மூன்று வயது மூத்தவன். கனத்த உடம்பு, சின்னக் கால்கள். சாகிற வேஷம் எல்லாம் அவனுக்குத்தான் வரும். ஜெனரல், கப்பல் தலைவன், கடனில் மூழ்கிய தகப்பன். அவன் சாவதைப் பார்த்துப் பெண்கள் மூர்ச்சையாவார்கள் என்று விளம்பரத்தில் போட்டார்கள்.

இரவு இருவருக்கும் கேம்பர்வெல்லில் நாடகம். முடிந்து வீட்டுக்குப் போய்ப் படுக்க ஒரு மணி ஆகும். ஐந்துக்கு எழ வேண்டும். வாட்டர்லூ ஸ்டேஷனில் ஆறு நாற்பது வண்டி. மோல்ஃபர்ட்டில் இறங்கினால் ஆற்றங்கரையில் கண்ணாடிக் கூரை போட்ட ஸ்டூடியோ. சூரிய வெளிச்சத்தை நம்பிப் பிடிக்கிற படம். வெளிச்சம் வருவதற்கு முன் முகத்தில் மஞ்சள் சாயம் பூசித் தயாராக நிற்க வேண்டும்.

அந்த மஞ்சளைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், பின்னால் தேவைப்படும். அந்தக் காலத்து ஃபிலிமுக்கு நிறம் தெரியாது. சிவப்பு கறுப்பாக விழும். நீலம் வெள்ளையாக விழும். அதனால் முகத்துக்கு மஞ்சளும் உதட்டுக்கு மெல்லிய பழுப்பும் பூசுவோம்.

தூக்கம் போதாது. எங்கள் கூட்டத்தில் யாருக்குமே போதாது. அதனால் ரயிலில் ஒரு ஏற்பாடு வைத்திருந்தோம். எதிரெதிரே உட்காருவோம். ஒருவன் தூங்குவான், மற்றவன் விழித்திருப்பான். மோல்ஃபர்ட் வந்ததும் எழுப்புவான். மறுநாள் முறை மாறும்.

"நீ தூங்குடா பட்லர். நான் முழிச்சிருக்கேன்."

"போன வாரமும் இப்படித்தான் சொன்னே. மோல்ஃபர்ட்டைத் தாண்டி வோக்கிங்ல கொண்டுபோய் விட்டே."

"வோக்கிங்லயும் வீடுகள் இருக்கு. வீடுன்னா கதவு இருக்கும். நீ பிழைச்சுக்குவே."

இப்படிப் பத்து வருடம்.

ஹாலிஃபாக்ஸ் கடிதத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். பேசாத படத்தில் நடிகன் வாயசைக்க வேண்டும், அவ்வளவுதான். வசனம் பிறகு அட்டையில் எழுத்தாக வரும். அதனால் ஆளுக்குத் தோன்றியதைப் பேசுவோம். ஜெனரல் வேஷத்தில் செத்துக்கொண்டிருந்தபோது செப்டிமஸ் மகளின் கையைப் பிடித்து ஏதோ சொன்னான். அட்டையில் 'இங்கிலாந்தைக் கைவிடாதே' என்று போட்டார்கள். நான்கு மாதம் கழித்து ஸ்டூடியோவுக்கு ஒரு கடிதம் வந்தது.

'ஐயா, ஜெனரல் தம் மகளிடம் சொல்வது: இன்னிக்கும் ஈரல் வேகல, அந்த வீட்டுக்காரி என்னைக் கொல்லாம விடமாட்டா. நான் ஆறு வயதிலிருந்து காது கேட்காதவள். உதட்டைப் பார்த்தே பேச்சைப் படிப்பேன். என்னைப் போன்றவர்களும் அழுவதற்காகத்தான் சீட்டு வாங்குகிறோம். அகதா ஃபெர்ன்லி, ஹாலிஃபாக்ஸ்.'

அதை வேஷம் போடும் அறைச் சுவரில் ஒட்டிவைத்தார்கள். எல்லோரும் சிரித்தார்கள். செப்டிமஸ் சிரிக்கவில்லை. அன்று முதல் கேமராவின் முன் ஒரு தப்பு வார்த்தை பேசமாட்டான். யாராவது உளறினால் அதட்டுவான்.

"வாயை அடக்குடா. ஹாலிஃபாக்ஸ்ல ஒருத்தி கேட்டுட்டு இருக்கா."

அந்த நவம்பரில் செப்டிமஸ் நீதிபதியாக நடித்துக்கொண்டிருந்தான். எனக்கு அந்தப் படத்தில் வழக்கம்போலக் கதவு. எனக்கு வேலை இல்லாத நாட்களில் அவனை எழுப்ப ஆளில்லை. இரண்டு முறை தூங்கியே மோல்ஃபர்ட்டைத் தாண்டிப் போய்விட்டான். வெளிச்சம் வீணாயிற்று. டைரக்டர் ஓக்‌ஷாட் கொதித்துப் போனார். சனிக்கிழமை என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"அடுத்த படத்துல ஒரு பிஷப் வேஷம் இருக்கு, டில். படம் முழுக்க வருது. கடைசியில சாகுறாரு."

"ஹாலம் பிரமாதமா பண்ணுவான் சார்."

"பண்ணுவான். வந்தா. இன்னும் ஒரே ஒரு நாள் லேட்டா வரட்டும், அந்த வேஷம் உனக்கு."

திங்கட்கிழமை விழித்திருக்கும் முறை எனக்கு. விழித்துத்தான் இருந்தேன்.

செப்டிமஸ் எதிரே இருந்தான். தொப்பி புருவம் வரை இறங்கியிருந்தது. பெட்டியில் வேறு யாரும் இல்லை. வெளியே பனிமூட்டம் இன்னும் விலகவில்லை. ஏழு இருபத்து நாலுக்கு வண்டி மோல்ஃபர்ட்டில் நின்றது. நான் எழுந்தேன். அவன் கால்களைத் தாண்டினேன். மெதுவாகக் கதவைத் திறந்து இறங்கினேன். ஒரு முறை திரும்பிப் பார்த்தேன்.

அவன் வாய் அசைந்தது.

கண் மூடியிருந்தது. வாய் மட்டும் அசைந்தது. எஞ்சினின் இரைச்சலில் எதுவும் கேட்கவில்லை. கதவைச் சத்தமில்லாமல் சாத்தினேன்.

பிஷப் வேஷம். அதுதான் காரணம். வேறு காரணம் தேடிப் பார்த்துவிட்டேன், கிடைக்கவில்லை. அவன் ஒன்பது மணிக்குத் திட்டிக்கொண்டே வருவான், ஒரு வாரம் என்னோடு பேசமாட்டான், பிறகு பேசுவான் என்று நினைத்தேன்.

பதினொன்று பத்துக்கு, பாதை முடியும் ஊரில், பெட்டி கழுவ வந்தவன் அவனைப் பார்த்தான். உடம்பு ஆறியிருந்தது. மாரடைப்பு என்றார் டாக்டர். ஏழு மணிக்கும் ஒன்பது மணிக்கும் நடுவில் இருக்கலாம், அதற்குமேல் சொல்ல முடியாது என்றார். சட்டைப்பையில் இருந்ததையெல்லாம் போலீஸ்காரர் ஸ்டூடியோவுக்குக் கொண்டுவந்தார். கைக்குட்டை, சாவி, பெப்பர்மின்ட் மிட்டாய். ரயில் டிக்கெட் மட்டும் இல்லை.

"எங்கயோ தவறவிட்டிருக்காரு" என்றார் போலீஸ்காரர். "நீங்க ரெண்டு பேரும் ஒண்ணா வர்றதில்லையா?"

"இன்னிக்கு நான் வேற பெட்டி" என்றேன்.

வண்டி நின்ற பிறகும் பெட்டிகள் ஒன்றையொன்று இடித்து ஒரு முறை குலுங்கும். வாய் அசைந்தது அந்தக் குலுக்கலிலா? அப்படியென்றால் நான் ஒரு பிணத்தைத் தாண்டி இறங்கியிருக்கிறேன். அதில் குற்றம் இல்லை. இல்லை, அவனாகவே அசைத்தானா? அப்படியென்றால் உயிரோடு இருந்தவனை விட்டு இறங்கியிருக்கிறேன். அந்த வாரம் முழுவதும் எனக்கு இந்த ஒரு கேள்விதான். இரவில் தூக்கம் வரவில்லை. பகலில் நின்றபடியே வந்தது.

வியாழக்கிழமை அடக்கம் நடந்தது. அன்று மாலையே ஓக்‌ஷாட் என்னிடம் வந்தார்.

"நீதிபதி சாகுற காட்சி பாக்கி இருக்கு. மத்ததெல்லாம் எடுத்தாச்சு. நீ பண்ணு. அவன் கோட்டு, அவன் தாடி. முதுகைக் காட்டினா போதும்."

"முகம்?"

"முகம் வேணாம். நாற்காலியில உட்கார்ந்திருக்கே. எழுந்திரிக்கிறே. கணப்பு பக்கம் நடக்குறே. மேல இருக்கிற பலகையில கையை ஊனுறே. அப்படியே சரியுறே. பேச்சு வேணாம். தாடி பிசின் விட்டுடும்."

வெள்ளிக்கிழமை, நவம்பர் 19.

ஒன்று ஐம்பதுக்கு உடை அறைக்குப் போனேன். உடைகளைப் பார்த்துக்கொள்ளும் மிசஸ் ரட்ஜ் கோட்டை எடுத்துப் பிடித்தாள். கையை நுழைத்தேன். உள்ளே கதகதப்பாக இருந்தது. ஒருவர் கழற்றிய உடனே இன்னொருவர் போட்டுக்கொண்டால் இருக்குமே, அப்படி.

"அடுப்பு பக்கம் மாட்டியிருந்தீங்களா?"

"எந்த அடுப்பு, கண்ணு? குழாய் உடைஞ்சு ஒரு வாரம் ஆச்சு. என் விரலைத் தொட்டுப் பாரு, ஐஸ்." தொட்டேன். ஐஸ்தான். "உனக்குக் காய்ச்சல் அடிக்குது. நேத்து அந்த மழையில தொப்பியில்லாம நின்னேல்ல?"

இருக்கலாம் என்று நினைத்தேன்.

இரண்டு ஐந்து. தாடி ஒட்டி முடித்தேன். பிசின் உலர்ந்து உதட்டோரங்களை இறுக்கியது. உதட்டுக்குப் பழுப்பு பூசினேன். முகமே தெரியப்போவதில்லை, ஆனாலும் பழக்கம். கோட்டிலிருந்து ஒரு வாசனை வந்தது. கரி, ஈரக் கம்பளி, பெப்பர்மின்ட். வலது பையில் கையை விட்டேன்.

ஒரு பாதி டிக்கெட். மோல்ஃபர்ட் – வாட்டர்லூ. திரும்பும் பாதி. மோல்ஃபர்ட்டில் இறங்கியவனிடம்தான் வரும் பாதியைக் கிழித்துக்கொண்டு இதைத் திருப்பித் தருவார்கள். தேதி நவம்பர் 15.

மிசஸ் ரட்ஜிடம் போனேன்.

"இந்தக் கோட்டை திங்கட்கிழமை யாராவது வெளிய எடுத்துட்டுப் போனாங்களா?"

"சனிக்கிழமை சாயங்காலம் நானே மாட்டிப் பூட்டினேன். சாவி என் இடுப்புல. ஏன்?"

"சும்மா கேட்டேன்."

டிக்கெட்டைப் பையிலேயே போட்டுவிட்டேன். கீழே எறியத் தைரியம் வரவில்லை.

இரண்டரைக்கு ஆற்றிலிருந்து பனி எழுந்தது. கதவிடுக்கு வழியாக உள்ளே வந்தது. கூரைக் கண்ணாடி பழுப்பாகிக்கொண்டே போனது. கேமராக்காரர் ஜெஸப் அண்ணாந்து பார்த்தார்.

"ஒரு தடவைதான் சார். அதுக்குமேல வெளிச்சம் நிக்காது."

"ஒரு தடவை போதும்" என்றார் ஓக்‌ஷாட். "டில், உட்காரு."

உட்கார்ந்தேன். எனக்கு எதிரே இன்னொரு நாற்காலி, காலி. அதற்கு அப்பால் கணப்பு. கணப்பின் மேல் பெரிய கண்ணாடி. கண்ணாடி கேமராவைப் பார்த்து மின்னக்கூடாது என்று அதன்மேல் சோப்பைத் தேய்த்துவைப்பார்கள். அன்றும் தேய்த்திருந்தார்கள். வெள்ளையாக, மங்கலாக, எதையும் காட்டாமல் இருந்தது.

இரண்டு நாற்பத்து மூன்று.

"சுத்து" என்றார் ஓக்‌ஷாட்.

ஜெஸப் கேமராவின் கைப்பிடியைச் சுற்றத் தொடங்கினார். வேகம் மாறாமல் இருக்க ஒரு பாட்டை முணுமுணுத்துக்கொண்டே சுற்றுவது அவர் பழக்கம். டக டக, டக டக. பத்து வருடமாகக் கேட்ட சத்தம். அன்று அது வேறு சத்தமாகக் கேட்டது. தண்டவாளத்தின் மேல் சக்கரம்...

எனக்குத் தூக்கம் வந்தது. சாதாரணத் தூக்கம் இல்லை. யாரோ தலையில் கையை வைத்து அழுத்தியது போல வந்தது.

"உட்கார்ந்தே இரு... நல்லாருக்கு... களைப்பு தெரியுது..." ஓக்‌ஷாட்டின் குரல் எங்கோ தூரத்தில் கேட்டது.

என் முழங்காலில் ஏதோ பட்டது.

இன்னொரு முழங்கால்.

குறுகிய பெட்டியில் எதிரெதிரே உட்கார்ந்தால் படுமே... அப்படி. கம்பளியின் சொரசொரப்பு தெரிந்தது. எதிர் நாற்காலியைப் பார்த்தேன். காலி. முழங்கால் விலகவில்லை.

டக டக... டக... டக...

சத்தம் மெதுவாகிக்கொண்டே வந்தது. ஸ்டேஷன் நெருங்கும்போது மெதுவாகுமே... அப்படி.

"எழுந்திரு, டில்."

எழுந்தேன். முழங்கால் இருந்த இடத்தைச் சுற்றி நடக்க முடியவில்லை. தாண்டித்தான் போக வேண்டியிருந்தது. தாண்டினேன்.

என் இடது கை கனத்தது.

கோட்டின் கையை யாரோ பிடித்திருந்தார்கள். பிடித்து இழுக்கவில்லை... தொங்கினார்கள். முழு உடம்பின் பாரமும் அதில் இருந்தது.

"கையைப் பலகையில ஊனு... அருமை..."

வலது கையை ஊன்றினேன். இடது கை வரவில்லை.

கண்ணாடி என் முகத்துக்கு நேரே இருந்தது. வெள்ளைச் சோப்பு.

அதில் ஒரு வட்டம் தெளிந்தது.

உள்ளங்கை அளவு. யாரோ மறுபக்கத்திலிருந்து ஊதியது போல.

வட்டத்துக்குள் தாடி தெரிந்தது. என் தாடிதான் என்று நினைத்தேன். வாய் தெரிந்தது. என் வாய்தான் என்று நினைத்தேன்.

என் வாய் மூடியிருந்தது.

அந்த வாய் அசைந்தது.

அதே அசைவு... ஏழு இருபத்து நாலுக்குப் பார்த்தேனே, அதேதான்.

சத்தம் நின்றது.

விழுந்தேன். நடிப்பு இல்லை.

எழுந்து உட்கார்ந்தபோது இரண்டு நாற்பத்தைந்து. மிசஸ் ரட்ஜ் தண்ணீர் கொடுத்தாள். ஓக்‌ஷாட்டின் கண் கலங்கியிருந்தது. அவர் கலங்கி நான் பார்த்ததில்லை.

"இத்தனை வருஷம் உன்னைக் கதவு திறக்க வெச்சிருந்தேனே, முட்டாள் நான்" என்றார். "அந்த இடது கை... கிழவன் கையை இழுக்கிற மாதிரி... எங்கடா கத்துக்கிட்டே?"

தம்ளரைத் தரையில் வைத்தேன்.

"ஒண்ணுதான் தப்பு. பேசாதேன்னு சொன்னேன், பேசிட்டே. கண்ணாடியில சோப்பு விட்டுப்போச்சு, வாய் தெரிஞ்சுது. போகட்டும், வெச்சுக்கலாம்."

"நான் பேசலை சார். தாடியைப் பாருங்க. பிசின் விடலை."

அவர் தாடியைப் பார்க்கவில்லை. வெளிச்சம் போய்விட்டது என்று கத்திக்கொண்டே நடந்தார். ஜெஸப் கண்ணாடியின் முன்னே நின்றுகொண்டிருந்தார். நானும் பார்த்தேன். சோப்பு முழுவதும் அப்படியே இருந்தது. வட்டம் இல்லை.

"பாட்டை ஏன் நிறுத்தினீங்க ஜெஸப்?"

"நிறுத்தலையே" என்றார். "கையும் நிக்கல. ஒரே வேகம்."

செவ்வாய்க்கிழமை ஜெஸப் என்னை இருட்டறைக்குக் கூப்பிட்டார். கழுவிய ஃபிலிமைப் போட்டுப் பார்த்திருந்தார். கண்ணாடியில் அந்த வாய் ஒன்பது வினாடி தெரிகிறதாம்.

"உதட்டுல என்ன பூசினே?"

"எப்பவும் பூசுறதுதான். பழுப்பு."

"பழுப்புன்னா கறுப்பாத்தான் விழணும். இது வெள்ளையா விழுந்திருக்கு." குரலைத் தாழ்த்தினார். "நீலம் மட்டும்தான் வெள்ளையா விழும், டில். நீல உதடு யாருக்கு இருக்கும்?"

அதற்கு மேல் அவர் கேட்கவில்லை. என்னை வைத்து அவர் பிறகு ஏழு படம் எடுத்தார். என் கண்ணை நேராகப் பார்த்துப் பேசியதில்லை.

பிஷப் வேஷம் எனக்கு வந்தது. அதன் பிறகு ஜமீன்தார், கஞ்சன், குருட்டுத் தகப்பன். செப்டிமஸுக்கு வந்திருக்க வேண்டியதெல்லாம் வந்தது. நன்றாகச் சாகிறேன் என்றார்கள். ஒவ்வொரு முறை சாகும்போதும் இடது கை கனத்தது. இரவு நாடகம் முடிந்து வருவேன், ஒரு மணிக்குப் படுப்பேன், ஐந்துக்கு எழுவேன். ஆறு நாற்பது வண்டியில் எதிர் இருக்கையில் யாராவது இருக்கிறார்களா என்று பார்த்துத்தான் ஏறுவேன். ஒரு நாளும் ரயிலில் தூங்கவில்லை. மற்ற நடிகர்கள் கேலி செய்வார்கள்.

"டில் கூட வந்தா நிம்மதிப்பா. ஆந்தை. ஊர் வந்ததும் எழுப்பிடுவாரு."

எழுப்பினேன். யாராக இருந்தாலும் தோளைத் தொட்டு எழுப்பினேன்.

அந்த நீதிபதி படம் தியேட்டருக்கு வர ஒன்றேகால் வருடம் ஆயிற்று. அந்தக் காலத்தில் அப்படித்தான். 1922, பிப்ரவரி. பால்ஹாம் பகுதியில் ஒரு கொட்டகை. மூன்று மணிக் காட்சி. முன் வரிசையில் பிள்ளைகள் ஆரஞ்சு தின்றுகொண்டிருந்தார்கள். பியானோ வாசிப்பவள் கையுறை போட்டிருந்தாள். நீதிபதி – செப்டிமஸ் ஹாலம் என்று அட்டையில் வந்தது. என் பெயர் கீழே, பட்லர் என்று.

கடைசிக் காட்சி. முதுகு. நாற்காலி. எழுந்தேன். காலியான தரையில் எதையோ தாண்டினேன். இடது கோட்டுக்கை கீழ்நோக்கி இழுபட்டது; துணியில் மடிப்பு விழுந்தது. ஐந்து மடிப்பு. விரல்களின் மடிப்பு.

பிறகு கண்ணாடியில் வட்டம். வெள்ளை உதடு.

அசைந்தது.

முதல் சொல் எனக்கே தெரிந்தது. வாய் திறந்தது. உதடு இரண்டும் ஒட்டின. பிரிந்து குவிந்தன. ஆம்ப்ரோஸ்.

அதற்குப் பிறகு வந்தது புரியவில்லை. மறுநாளும் போனேன். அதற்கு மறுநாளும். அறைக்கு வந்து கண்ணாடியின் முன்னே உட்கார்ந்து அதே போல வாயசைத்துப் பார்த்தேன். மோல்ஃபர்ட் என்று சொல்லிப் பார்த்தேன். பொருந்தவில்லை. எழுப்பு என்று சொல்லிப் பார்த்தேன். பொருந்தவில்லை. துரோகி என்றும் சொல்லிப் பார்த்தேன். அதுவும் இல்லை. அவன் தூக்கத்தில் உளறினான் என்றால் போதும், அதை வைத்துக்கொண்டு காலத்தை ஓட்டிவிடுவேன் என்று தோன்றியது. எட்டு நாள் இப்படிப் போனது. வாய்க்குள் அவன் வாய் இருப்பது போல ஆகிவிட்டது.

அப்போது சுவரில் ஒட்டிய கடிதம் ஞாபகம் வந்தது. பழுத்துப்போய் இன்னும் அங்கேயே இருந்தது. விலாசத்தை எழுதிக்கொண்டேன்.

மிஸ் ஃபெர்ன்லிக்குச் சுருக்கமாக எழுதினேன். படத்தின் பெயர், கடைசிக் காட்சி, கண்ணாடியில் தெரியும் வாய். அவர் என்ன சொல்கிறார் என்று தெரிய வேண்டும். காரணம் கேட்காதீர்கள். ஆம்ப்ரோஸ் டில்.

கடிதம் போட்ட ஒன்பதாம் நாள், காலைத் தபாலில் பதில் வந்தது. எட்டு மணி. நின்றபடியே பிரித்தேன். இப்போதும் என்னிடம் இருக்கிறது. உள்ளது உள்ளபடி எழுதுகிறேன்.

'அன்புள்ள மிஸ்டர் டில்,

படம் இங்கே வியாழன் வரை ஓடியது. இரண்டு முறை பார்த்தேன். மிஸ்டர் ஹாலம் இப்போதெல்லாம் சாப்பாட்டைப் பற்றிப் பேசுவதில்லை என்பதில் சந்தோஷம். அவருக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

நீங்கள் கேட்ட இடம் மிகத் தெளிவாக இருக்கிறது. இவ்வளவு தெளிவாக நான் எந்தப் படத்திலும் படித்ததில்லை. முதல் சொல் உங்கள் பெயர். அவர் உங்களிடம்தான் பேசுகிறார் என்று நினைக்கிறேன். மிகவும் கஷ்டப்பட்டு, ஒவ்வொரு சொல்லாகச் சொல்கிறார். பதிலுக்காகக் காத்திருப்பது போல வாய் கடைசியில் திறந்தே நிற்கிறது. நீங்கள் என்ன பதில் சொன்னீர்கள் என்று படத்தில் இல்லை. அவர் சொல்வது இதுதான்:

"ஆம்ப்ரோஸ்... நான் தூங்கலடா. முழிச்சுத்தான் இருக்கேன். எழுந்திரிக்க முடியல... கொஞ்சம் கை குடு."'